பச்சிலையும் பக்கத்துக் கூண்டும்

ஆப்பிரிக்காவின் வறண்ட காடொன்றிலிருந்து ஒரு புதர்ச்செடியின் இலை ஆராய்ச்சிக்கூடத்துக்கு வந்து சேர்ந்தது. ஆடு மேய்க்கிறவர்களின் கால் புண்ணையெல்லாம் தலைமுறை தலைமுறையாக ஆற்றி வந்த குடும்பம் அதனுடையது. இனி உலகமே தன்னைக் கொண்டாடப்போகிறது என்று அதற்குத் தலைகால் புரியவில்லை.

அதை அரைத்து விழுதாக்கி, ஒரு வெள்ளெலியின் முதுகுக் காயத்தில் பூசினார்கள்.

"பயப்படாதே கண்ணு, நான் ஆத்திடறேன். எந்த முள்ளு கிழிச்சுது?" என்று கேட்டது பச்சிலை.

"முள்ளா? நேத்து வரைக்கும் நான் நல்லாத்தான் இருந்தேன். நீங்க வந்துட்டீங்கன்னுதான் காலையில கத்தியால கீறினாங்க."

பச்சிலைக்குத் தூக்கிவாரிப்போட்டது. செய்த பாவத்தைக் கழுவுவதுபோல் அந்தக் காயத்தோடு ஒட்டிக்கொண்டு கிடந்தது. புண் காய்ந்து, புதுத்தோல் வந்த பிறகுதான் அதற்கு மூச்சே வந்தது.

அப்போது பக்கத்துக் கூண்டில் யாரோ முனகினார்கள். அங்கேயும் ஒரு வெள்ளெலி. முதுகில் அதே இடத்தில் அதே அளவு காயம். சீழ் வடிந்துகொண்டிருந்தது.

"ஐயையோ! அவனுக்கு ஏன் என்னைப் பூசலை? கிண்ணத்துல இன்னும் எவ்வளவு இருக்கு!" என்று பதறியது பச்சிலை.

"அவன் என் கூடப்பிறந்தவன்" என்றது எலி. "அவனுக்குப் பூசக் கூடாதாம்."

"ஏன்?"

"அவனுக்கு ஆறாம இருந்தாத்தானே, என்னை ஆத்தினது நீங்கதான்னு எல்லாருக்கும் தெரியும்?"