பாசஞ்சரின் கடைசிச் சுற்று

"ஓடுதா டைரக்டர் சார்?"

"ஓடுது. நீ ஆரம்பி."

அதைக் கேட்ட பிறகுதான் அவள் பெஞ்சை விட்டு எழுந்தாள். வலது முழங்காலை இரண்டு தடவை மடக்கி நீட்டிவிட்டுக் கோட்டில் போய் நின்றாள். இயக்குநர் ஒரு கண்ணை மூடி, மறு கண்ணைக் கேமராவில் பதித்துக்கொண்டார்.

கேமராவுக்குள் மெமரி கார்டு இல்லை. இரண்டு வருஷமாகவே இல்லை.

இருபது வருஷம் விளையாட்டு மைதானங்களிலேயே குப்பை கொட்டியவர் அவர். சேற்றில் குப்புறப் படுத்தும், மோட்டார் சைக்கிளின் பின்சீட்டில் திரும்பி உட்கார்ந்தும் அடுத்தவர் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். தாமே இயக்க வந்த முதல் படம் இதுதான்: பத்தாயிரம் மீட்டர் ஓடும் ஒருத்தியின் கதை.

மைதானத்தில் அவளுக்குப் 'பாசஞ்சர்' என்று பெயர். பாசஞ்சர் ரயில்போல வேகம் கிடையாது, ஆனால் நடுவழியில் நின்றதும் கிடையாது. நாலாவதாக வருவதில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், ஆவணப்படம் கேட்டிருந்த டிவி சேனலின் அதிகாரி, ஆறு வருஷக் காட்சிகளில் அரை மணி நேரத்தைப் பார்த்துவிட்டுக் கையை விரித்துவிட்டார்.

"தோத்துக்கிட்டே இருக்கறவள யாரு உக்காந்து பாப்பாங்க? இதோட விட்டுடுங்க."

படம் நின்றுபோனதை அன்று சாயங்காலமே அவளிடம் சொல்லிவிடத்தான் மைதானத்துக்கு வந்தார். அவள் ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு நொண்டிக்கொண்டே எதிரில் வந்தாள். அவர் வாயைத் திறப்பதற்குள் முந்திக்கொண்டாள்.

"நான் ஓடலன்னா உங்க படம் என்ன சார் ஆகும்?"

பாவம், இந்தப் படத்தைத்தான் மலைபோல நம்பியிருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டார். "நீ இல்லாம படம் ஏதும்மா? அடுத்த சனிக்கிழமை காலையில வந்துடறேன்" என்றார். அவள் கையிலிருந்த ஆஸ்பத்திரிச் சீட்டை மடித்துப் பைக்குள் வைத்தாள். பிறகு, "சரி சார்" என்றாள்.

அன்றிலிருந்து சனிக்கிழமை தவறாமல் வெறும் கேமராவைத் தூக்கிக்கொண்டு வந்தார். மற்ற நாட்களில் பள்ளிக்கூட ஆண்டுவிழாக்களைப் படம்பிடித்துக் காலத்தை ஓட்டினார். அங்கே எல்லாருக்கும் அவர் 'வீடியோக்காரர்'தான்.

"இன்னும் எத்தனை நாளைக்கு அந்தப் பொண்ண ஏமாத்தப் போறீங்க?" என்று இன்று காலையில்கூட மனைவி கேட்டாள்.

"நான் போகலன்னா அவ உடைஞ்சு போயிடுவா."

"போனா மட்டும்?"

ஷூவை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்.

இன்று ஒன்பதாவது சுற்றில், வளைவில் திரும்பும்போது அவள் விழுந்தாள். பாதை ஓரத்து வெள்ளைக் கோட்டின் மேல் சுருண்டு கிடந்தாள். கேமராவை அப்படியே விட்டுவிட்டு அவர் ஓடினார்.

"ஏன் சார் வந்தீங்க? போய் எடுங்க" என்று பல்லைக் கடித்துக்கொண்டு கையால் விரட்டினாள் அவள். முழங்கால் அதற்குள் பந்துபோல் வீங்கியிருந்தது.

ஆஸ்பத்திரியில் டாக்டர் அவரைத் தனியாக அழைத்துப் போனார்.

"நீங்க அவங்களுக்கு என்ன வேணும்?"

"படம் எடுக்கறேன்" என்றார்.

"இனிமே ஓட்டத்த மறந்துட வேண்டியதுதான். கம்பு ஊனாம நடக்கறதே கஷ்டம். ரெண்டு வருஷம் முன்னாடியே நிறுத்தச் சொன்னேன். சரின்னு தலையாட்டிட்டுப் போனாங்க. அப்புறம் என்ன நினைச்சாங்களோ."

இனியும் மறைத்தால் தான் மனுஷனே இல்லை என்று தோன்றியது அவருக்கு. மனசைக் கல்லாக்கிக்கொண்டு அறைக்குள் போனார். இரண்டு தலையணைகளின் மேல் கட்டுப்போட்ட காலை வைத்துக்கொண்டு அவள் கூரையைப் பார்த்தபடி படுத்திருந்தாள்.

"உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்மா."

"கால் விஷயந்தானே சார்? டாக்டரே சொல்லிட்டாரு. அத விடுங்க. நான் விழுந்தது படத்துல வந்திருக்கா?"

எவ்வளவு முயன்றும் உண்மை வாயில் வரவில்லை. "வந்திருக்கு" என்று அவர் குரல் அவருக்கே கேட்காத மாதிரி சொன்னார்.

"அப்பாடா. அதையே முடிவா வெச்சுக்கோங்க. இனிமே நீங்க எடுக்கறதுக்கு என்கிட்ட ஒண்ணும் இல்ல."

பெரிய பாரத்தை இறக்கி வைத்தவள்போல அவள் கண்ணை மூடிக்கொண்டாள். அவரால் தாங்க முடியவில்லை. "ரெண்டு வருஷம் முன்னாடியே நிறுத்தச் சொன்னாராமே. ஒரு மெடலுக்காக இப்படிக் காலையே குடுப்பாங்களாம்மா?" என்றார்.

அவள் கண்ணைத் திறக்காமலே சிரித்தாள்.

"மெடலுக்கு யாரு சார் ஓடினா? உங்களுக்கு மொதப் படமாச்சேன்னுதான் ஓடினேன்."