கறுப்புத் துணிக்கு அடியில்

"கிரிஸ்டல் பத்திரமா இருக்குல்ல?" என்று பேராசிரியர் கோவர்த்தனன் அன்று காலையில் மூன்றாம் முறையாகக் கேட்டார்.

"வெச்ச எடத்துலயே கீது சார்" என்றார் ஆய்வக அட்டெண்டர் முனிகிருஷ்ணன். ஒன்றாம் தேதி வழக்கப்படி, ஈரம் உறிஞ்சிச் சிவந்துபோன சிலிக்கா ஜெல் குருணையை ஓவனில் வறுத்து, மறுபடி நீலமாக்கித் தட்டோடு எடுத்துக்கொண்டிருந்தார். தராசுப் பெட்டிகளுக்காக இருக்கும் என்று பேராசிரியர் எண்ணிக்கொண்டார்.

சித்தூரில் சாதாரண விரிவுரையாளராக இருந்தவரைத் திருப்பதியின் இந்தக் கல்லூரியில் வேதியியல் துறைத் தலைவராக உயர்த்தியது அந்த ஒரு படிகம்தான். இருபது ஆண்டுகளுக்கு முன் அவர் கண்டதாக அறிவித்த புதிய சேர்மம் அது. அடுத்த வாரம் முதல்வர் பதவி. அதற்குள் யாரோ புகார் எழுத, படிகத்தைச் சோதிக்க மூவர் குழு வந்துவிட்டது.

குழுவில் கௌசிகாவைக் கண்டதும் அவர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்து மறுபடி பார்த்தார். பதினொரு ஆண்டுகளுக்கு முன் அவரிடம் ஆய்வு மாணவியாக இருந்தவர். எத்தனை முயன்றும் அச்சேர்மத்தைத் திரும்பச் செய்ய முடியாமல் போனவர். செய்முறையில் பிழையில்லை, மாணவியின் கையில்தான் சுத்தமில்லை என்று எழுதி, மூன்றாண்டு உழைப்பை ஒரே கையெழுத்தில் முடித்து அனுப்பியவர் பேராசிரியர்.

"நல்லா இருக்கீங்களா சார்?" என்று கௌசிகா கைகூப்பினார். வணக்கத்தில் ஒரு குறையும் இல்லை. அதுதான் அச்சமூட்டியது.

ஆயினும் பேராசிரியர் நிதானமாகவே நடந்தார். உண்மையில் அது புதிய சேர்மமே அன்று; கடையில் வாங்கிய உப்பு. ஈரக்காற்று பட்டால் கசிந்து நீராகிவிடும். படிகம் இருந்த டெசிக்கேட்டர் என்னும் கண்ணாடி ஜாடிக்கு மாதந்தோறும் குருணை மாற்றி வந்தவர் கௌசிகாதான். அவர் போனபின் அந்த வேலையைப் பேராசிரியர் எவரிடமும் ஒப்படைக்கவில்லை. வெளிச்சம் ஆகாது என்று சொல்லிக் கறுப்புத் துணியால் மூடி, பதினொரு மழைக்காலங்களின் பொறுப்பில் விட்டுவிட்டார். நீராய்க் கரைந்துபோனதை எந்தக் கருவியில் வைத்துச் சோதிப்பார்கள்? வருந்திக் காட்ட முகத்தையும் ஆயத்தமாக வைத்திருந்தார்.

துணியை அவரே விலக்கினார்.

ஜாடியின் அடியில் குருணை பளிச்சென்ற நீலத்தில் இருந்தது. அதன்மேல் சிறு சீசாவில் படிகம், முனைகூட மழுங்காமல் மின்னியது.

கௌசிகா தம் பெட்டியைத் திறந்து இடுக்கியை எடுத்தார்.

பேராசிரியர் மெல்லத் திரும்பி, இதை மாற்றியது யார் என்று கேட்டார். முனிகிருஷ்ணன் பாராட்டை எதிர்பார்த்தவர்போல் கைகட்டி நின்றார்.

"மாசாமாசம் நான்தான் மாத்திக்கினு வரேன். கௌசிகாம்மா கெளம்பும்போது என்னாண்ட கேட்டுக்கினது அது ஒண்ணுதான் சார்."