புவியீர்ப்பு செய்த வேலை

கணவனைப் பறிகொடுத்து ஒரு மாதம்கூட ஆகாதவளை எதிரே உட்கார வைத்துக்கொண்டு, போர்டில் கணக்குப் போட ஆரம்பித்தார் பாதுகாப்பு அதிகாரி.

கட்டட வேலை நடக்கும் இடத்திலேயே இருந்த தகர ஆபீஸ் அது. அவள் தலை நிமிரவே இல்லை. மாமியார் அவள் முகத்தைப் பார்க்கப் பிடிக்காமல் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்திருந்தாள். சுவரில் சாய்ந்து நின்ற கொழுந்தன் அங்கேயே கம்பி கட்டும் வேலை பார்ப்பவன்.

உள்ளே வந்ததுமே மாமியார் கொட்டித் தீர்த்துவிட்டாள். வேலை நேரத்தில் போன் பண்ணியது இவள்தானாம். பேச்சு சரியாகக் காதில் விழவில்லை என்று மகன் ஹெல்மெட்டைக் கழற்றினானாம். அந்த நேரம் பார்த்து மேலேயிருந்து இரும்புக் குழாய்த் துண்டு விழுந்ததாம்.

“அப்படி என்ன தலைபோற அவசரம்னு கேளுங்க சார். சாப்பிட்டாச்சான்னு கேக்கப் போன் பண்ணாளாம்.”

அவள் மறுக்கவில்லை.

அதிகாரி ஆறுதலாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. குழாய்த் துண்டு இரண்டு கிலோ என்று எழுதினார். விழுந்தது பத்தாவது மாடியிலிருந்து, முப்பது மீட்டர். ஈர்ப்பு முடுக்கம், வசதிக்காகப் பத்து. மூன்றையும் பெருக்கினார்.

“அறுநூறு ஜூல். இது புவியீர்ப்பு செஞ்ச வேலை.”

கொழுந்தனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “எங்க அண்ணன் உயிர் உங்களுக்குப் பெருக்கல் கணக்கா சார்?”

“இன்னும் முடிக்கலை” என்றார் அதிகாரி, அவனைத் திரும்பிப் பார்க்காமலே. அலமாரியிலிருந்து ஒரு ஹெல்மெட்டை எடுத்து அவள் முன்னால் வைத்தார். அவள் சுட்டதுபோல் கையை இழுத்துக்கொண்டாள்.

“இதைச் சோதிக்கறப்ப கிட்டத்தட்ட அம்பது ஜூல் அடி கொடுத்துப் பார்ப்பாங்க. அம்பது எங்கே, அறுநூறு எங்கே?”

கொழுந்தன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதிகாரி ஒரு பார்வை பார்த்தார். அவன் அடங்கிப் போனான்.

“நீங்க போன் பண்ணதுக்கும் அவர் போனதுக்கும் சம்பந்தம் இல்லைம்மா. மேலே வலை கட்டாம விட்டது எங்க கம்பெனி தப்பு.”

அவள் உடைந்து அழுதாள். கணவனைத் தூக்கிக்கொண்டு போன அன்றுகூட அவள் அப்படி அழவில்லை. போர்டையே வெறித்துக்கொண்டிருந்த மாமியார் மெல்ல எழுந்து வந்து, அவள் தோளைப் பிடித்து எழுப்பினாள்.

“வா, வீட்டுக்குப் போலாம்.”

இரண்டு பேரும் வெளியே போகும்வரை காத்திருந்து கொழுந்தன் கதவைச் சாத்தினான்.

“சார், நான் பக்கத்துலதான் நின்னேன். குழாய் நேரா அண்ணன் மேல விழல. முதல் மாடிச் சாரத்துப் பலகையில விழுந்து நின்னுச்சு. அங்கேருந்து உருண்டுதான் தலையில விழுந்துச்சு. அன்னைக்கே உங்ககிட்ட சொன்னேனே. அந்த உயரத்துக்கு ஹெல்மெட் தாங்கியிருக்குமே?”

“தாங்கியிருக்கும். ரிப்போர்ட்லயும் அப்படித்தான் எழுதியிருக்கேன்.”

“அப்போ அண்ணிகிட்ட சொன்னது?”

அதிகாரி போர்டைத் துடைக்க ஆரம்பித்தார்.

“புவியீர்ப்பு செஞ்ச வேலை அறுநூறுதாம்ப்பா. அதுல பொய் இல்லை. நடுவுல அந்தப் பலகை செஞ்ச வேலையைத்தான் சொல்லாம விட்டுட்டேன்.”