டேப் ஒட்டிய இடம்

கேமராவுக்குப் பக்கத்தில் ஒட்டிய சிவப்பு டேப்பைப் பார்த்து அழுவது வத்சலாவுக்குக் கைவந்த கலை. ஹாலிவுட்டில் அவள் நர்ஸ், நீதிபதி, யாரோ ஒருவரின் அம்மா. பெரிய நட்சத்திரங்கள் தங்கள் குளோசப் முடிந்ததும் கிளம்பிவிடுவார்கள். பிறகு வத்சலாவைப் படம் எடுக்கும்போது, அவள் பார்த்துப் பேச அவர்கள் முகம் இருந்த இடத்துக்கு டேப் வந்துவிடும். அந்தத் துண்டையே மகன் என்று கொஞ்சியிருக்கிறாள், புருஷன் என்று சண்டை போட்டிருக்கிறாள்.

இன்று இந்தப் படத்தில் அவளுக்கென்று இருக்கும் ஒரே குளோசப். மகளை வீட்டைவிட்டுப் போகச் சொல்லி அழ வேண்டும். சரியாக வராவிட்டால் காட்சியையே தூக்கிவிடுவதாக இயக்குநர் சொல்லியிருந்தார்.

“நோரா மேடம், உங்க வேலை முடிஞ்சுது. கார் நிக்குது,” என்றான் உதவி இயக்குநர்.

மகளாக நடிக்கும் பெரிய நட்சத்திரம் நோரா, டேப்பைப் பிய்த்து அவன் சட்டையில் ஒட்டினாள். “நீ போய் கார்ல உக்காரு. எங்கம்மா என்னைத் திட்டப்போறாங்க, நான் இல்லாம எப்படி?” என்று டேப் இருந்த இடத்தில் முகத்தை வைத்துக்கொண்டாள்.

கேமரா ஓடியது. “போ,” என்றாள் வத்சலா. கண்ணீர் வந்தது. கூடவே, அடக்க முடியாத சிரிப்பொன்றும் முகமெல்லாம் பரவியது. காட்சி போயிற்று என்று நினைத்தாள்.

இயக்குநர் அவள் முகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை; கட்டும் சொல்லவில்லை.