வெல்வெட் உறை

கம்ப்யூட்டர் விளையாட்டில் செல்வினின் படை எதிரியின் கோட்டையை நெருங்கும்போதெல்லாம் பெட்டி தானாக அணைந்துவிடும். பிடித்த நாடெல்லாம் கைவிட்டுப் போகும். வேறு வழியில்லாமல் எழுந்துபோய், போடி பஜாரில் தன் ஏலக்காய்க் கடையைத் திறப்பான்.

“எவனோ வேணும்னே கெடுக்குறான் ஷீபா.”

“உங்க தம்பி நேத்து இங்கனதான் உக்காந்திருந்தாரு,” என்றாள் மனைவி.

தம்பி வீட்டுக்கு வரக்கூடாது என்றாகிவிட்டது. பாஸ்வேர்டும் மாறியது. அப்படியும் ஆட்டம் நின்றது. சந்தேகம் கம்ப்யூட்டரை மாட்டிக்கொடுத்த மெக்கானிக் பாண்டியராஜன் மேல் திரும்பியது. பழைய சாமானைத் தலையில் கட்டிவிட்டானோ?

ஷீபாவை மட்டும் சந்தேகப்பட முடியாது. தூசி படக்கூடாதென்று சிபியுவுக்கு வெல்வெட்டில் உறை தைத்து, லேஸ் வைத்து, பட்டனை அமுக்க மட்டும் ஓட்டை விட்டவள் அவள். இப்போதுகூட உள்ளறையில் யுபிஎஸ்ஸுக்கு ஒரு உறை தைத்துக்கொண்டிருந்தாள்.

பாண்டியராஜன் வந்து பார்த்தான்.

“கடைசியா சேவ் ஆனது தப்பிச்சிருக்குண்ணே. பாதி நாடு கெடைச்சிரும்.”

“அது கெடக்கட்டும். கெடுத்தது யாரு, நீயா, என் தம்பியா?”

அவன் உறையை உருவினான். பெட்டி கொதித்தது.

“துணி போட்டு மூடுனா சூடாகி நின்னுரும்னு, மாட்டுன அன்னைக்கே படிச்சுப் படிச்சுச் சொன்னேனே!”

“எங்கிட்ட எப்படா சொன்ன?”

“நீங்க கடையில இருந்தீக. அக்காகிட்டதான் சொன்னேன்.”

உள்ளறையில் ஓடிக்கொண்டிருந்த தையல் மெஷின் சட்டென்று நின்றது.