காலச்சூளைக்கு ஒரு பீஸ் கட்டை

பட்டு வேட்டியும் சந்தனப் பொட்டுமாக வண்டியை விட்டு இறங்கிய ராஜ்மோகன், கைக்கடிகாரத்தைப் பார்த்துப் பதறினான்.

"அண்ணே, ஒம்போதரைக்கு முகூர்த்தம். இன்னும் அரை மணி நேரம்தான் இருக்குது."

"அந்த முகூர்த்தம் முடிஞ்சி நாலு வருஷம் ஆவுதுங்க. என்னத்துக்கு இந்த அவசரம்?" என்றார் விருத்தகிரி, சட்டைப்பையிலிருந்து டெஸ்டரை எடுத்தபடி.

ராஜ்மோகன் போய் நிறுத்த நினைத்தது அவனுடைய சொந்தக் கல்யாணத்தை. பூங்கோதை கழுத்தில் தாலி ஏறுவதற்குள் அங்கே போய்ச் சேர வேண்டும்.

விருத்தாசலம் தொழிற்பேட்டையில் கரண்டு கம்பத்துக்குப் பீங்கான் வார்த்துக்கொண்டிருந்தவர் விருத்தகிரி. பழைய சூளைக்குள் ஒரு நாற்காலியைப் போட்டு, ஆளைக் கடந்த காலத்துக்கு அனுப்பும் மெஷினைச் செய்துவிட்டார். ஒருத்தர் புது பொம்மை செய்தால் பத்து ஷெட்டில் அதே பொம்மை வருகிற ஊர் இது. அடுத்த வாரமே பக்கத்து ஷெட்டிலும் இதே மெஷின் வந்துவிட்டது.

வீட்டு மெயின் பெட்டியில் இருப்பதுபோல மெஷினிலும் ஒரு பீஸ் கட்டை உண்டு. ஒருவன் எதற்காகப் போனானோ அந்தக் காரணமே இல்லாமல் போகும்படி அங்கே எதையாவது செய்தால் காலம் குழம்பும். குழம்புவதற்குள் பீஸ் எரிந்து, ஆளை இங்கேயே தூக்கிப் போட்டுவிடும். ராஜ்மோகன் ஏற்கெனவே இரண்டு தடவை போய், இரண்டு தடவையும் முட்டி பெயர விழுந்திருந்தான்.

"கல்யாணம் நின்னுட்டா நீங்க இங்க வரவே மாட்டீங்க. வராத ஆளு எப்படிப் போயி நிறுத்துவாரு? அதான் எரியுது. அப்படி என்னங்க வூட்டுல சண்டை?"

"சண்டை போட்டாத்தான் தேவலையே! என்ன கொழம்புன்னா உங்க இஷ்டம். சினிமாவுக்குப் போலாமான்னா உங்க இஷ்டம். நாலு வருஷமா செவுத்துகிட்ட பேசிக்கிட்டிருக்கேன்ணே. எல்லாம் எங்கம்மா பார்த்து வெச்ச வேலை."

விருத்தகிரிக்குப் பாவமாகத்தான் இருந்தது.

"பேசாம பீஸ் கம்பியை எடுத்துட்டு, தடியா செம்புக் கம்பியைப் போடுங்க. எங்க மோட்டாருக்கு அப்படித்தான் போட்டிருக்கேன்," என்றான் ராஜ்மோகன்.

காலம் என்ன தண்ணி மோட்டாரா என்று விருத்தகிரி கேட்டிருக்க வேண்டும். ஆனால், பீஸ் அடிக்கடி போனால் கம்பியைத் தடியாக்குவதுதான் அவர் வீட்டிலும் வழக்கம். நாலு கம்பியைச் சேர்த்து முறுக்கிச் செருகிவிட்டார்.

கல்யாண மண்டபத்தில், மாப்பிள்ளை அறையில், பழைய ராஜ்மோகன் தலை வாரிக்கொண்டிருந்தான். புதியவன் உள்ளே புகுந்து கதவைச் சாத்தினான்.

"டேய், நாலு வருஷம் கழிச்சி வர்ற நீதான்டா நான். இந்தக் கல்யாணம் வேணாம், ஓடிப்போயிடு."

பழையவன் இவனுடைய முன் வழுக்கையைப் பார்த்தான். "நாலே வருஷத்துல இவ்ளோவா?" என்று அலறியவன், வேறெதுவும் கேட்காமல் சமையல்கட்டு வழியாக பஸ் ஸ்டாண்டைப் பார்த்து ஓடினான்.

இந்தத் தடவை யாரும் தூக்கிப் போடவில்லை. ராஜ்மோகன் சொகுசாக நாற்காலியிலேயே திரும்பி வந்தான்.

"நின்னுபோச்சுண்ணே! விட்டுது சனி!"

விருத்தகிரி பீஸ் கட்டையைப் பிடுங்கித் தொட்டுப் பார்த்தார். "என்னங்க இது, கம்பி சூடுகூட ஆவலை. நிஜமா நின்னிருந்தா உருகி ஊத்தியிருக்கணுமே."

கேட்பதற்கு ராஜ்மோகன் அங்கே இல்லை. வண்டியைக் கிளப்பிவிட்டான். வீடு வரைக்கும் சந்தோஷமாகப் பாடிக்கொண்டே போனான்.

வாசற்படி ஏறியவன் அப்படியே நின்றான். கூடத்தில் பூங்கோதை, முதுகைக் காட்டியபடி, சுவரிலிருந்த கல்யாண போட்டோவையே பார்த்துக்கொண்டிருந்தாள். போட்டோ மட்டும் வேறு. ஏதோ ஒரு கோயில் வாசலில், மாலையும் கழுத்துமாக, அவனும் அவளும் வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

"எம்மா... எங்க கல்யாணம்தான் நின்னுபோச்சே?" என்றான், அடுப்படியிலிருந்து வந்த அம்மா அமிர்தத்திடம்.

"நின்னுதான் போச்சு, ஊரு சிரிச்சுது. நீ சமையல்கட்டு வழியா ஓடினே, இவ கொல்லப்பக்கமா ஓடினா. ரெண்டு பேரும் ஒரே வேப்பூர் பஸ்ஸுல ஏறி, மூஞ்சப் பார்த்துச் சிரிச்சி, ஓட்டல்ல டிபன் சாப்புடுறப்பவே பேசி முடிச்சி, சாயங்காலம் மாலையோட வந்து நின்னீங்க. நான் பார்த்து வெச்சா வேணாமாம், நீங்களா கட்டிக்கிட்டா இனிக்குதாம். இனிமே என்னை ஒரு வார்த்த சொல்லிப் பாரு!"

ராஜ்மோகனுக்குத் தலை சுற்றியது. அவன் ஓடிய காரணம் அவனுக்குத் தெரியும்.

"பூங்கோதை, நீ எதுக்கு ஓடினே?"

அவள் மெல்லத் திரும்பினாள். முந்தானையெல்லாம் சூளைச் சாம்பல்.

"நான்தாங்க பக்கத்து ஷெட்டுலேருந்து போயி அவளை ஓடச் சொன்னேன்."