இரவல் முகம்

பஸ் நிறுத்தத்தில் ஒருவன் எனக்குச் செய்ததை ஆவணப்படத்தில் சொன்னது நான்தான். என் அடையாளம் தெரியாதிருக்க, திரையில் தெரிந்தது பாக்கியசீலி அக்காவின் முகம்; கேட்டது அவர் குரல். முகம் இரவல் கொடுப்பதுதான் அவர் வேலை. படம் போகும் ஊருக்கெல்லாம் போய், பேசியவளாகவே மேடையேறிப் பதிலும் சொல்வார்.

நேற்று எங்கள் ஊரில் திரையிட்டார்கள். யாராவது கண்டுபிடித்துவிடுவார்களோ என்று கடைசி வரிசையில் ஒடுங்கியிருந்தேன்.

படம் முடிந்ததும் மரக்கடை வேலாண்டி எழுந்தார். "இருட்டுற நேரத்துல ஒனக்கு அங்க என்ன வேல?"

நான் பள்ளிக்கூடத்தை விட்டதே இந்தக் கேள்விக்குப் பயந்துதான்.

"ஸ்பெஷல் கிளாஸ் முடிஞ்சா கடைசி பஸ்தாண்ணே உண்டு," என்றார் அக்கா. "அவனுக்கு அங்க என்ன வேலன்னு கேட்டீங்களா?"

பெண்கள் பக்கம் சிரிப்பு எழுந்தது. வேலாண்டி உட்கார்ந்துவிட்டார்.

"நல்லாக் கேட்டா பாரு," என்றாள் பக்கத்திலிருந்த மதினி.

"ஆமா மதினி," என்றேன். அத்தனை பேருக்கு நடுவே என் குரல் நடுங்கவில்லை.